கடுவன், கலை, ஏற்றை: சங்கப் பாடல்களில் குரங்கின வேறுபாடும் கம்பம் பள்ளத்தாக்குச் சான்றும்

ஆய்வுச் சுருக்கம்

தொல்காப்பிய மரபியல் குரங்கு, முசு, ஊகம் என மூன்று இனங்களைப் பிரித்துக் கூறுகிறது. பிற்கால உரைகளும் பாடநூல் குறிப்புகளும் இம்மூன்றையும் பெரும்பாலும் 'குரங்கு' என்ற ஒரே பொருளில் அடக்கிவிடுகின்றன. சங்கப் பாடல்கள் இவ்வினங்களை ஆண்பாற் பெயராலும் முக வருணனையாலும் வேறுபடுத்துகின்றன என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. மூவினத்துக்கும் பொதுவான 'மந்தி' என்னும் பெண்பாற் பெயர் இன்று இனப்பெயராகப் பரவியுள்ளது. இன வேறுபாட்டைக் காட்டிய ஆண்பாற் பெயர்களோ வழக்கொழிந்தன. இம்மாற்றத்தின் விளைவுகளை, குச்சனூர் முதல் மேகமலை வரையிலான நிலப்பரப்பில் இன்றும் வாழும் குரங்கினங்களோடு ஒப்பிட்டு இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: மரபியல், கடுவன், கலை, முசு, ஊகம், மந்தி, குரக்குப்பத்து, மேகமலை.

முன்னுரை

தேனி மாவட்டத்தில் சின்னமனூருக்கு அருகே, சுரபி நதிக்கரையில் அமைந்த ஊர் குச்சனூர். சுயம்பு சனீசுவரர் கோயிலாலும் ஆடி மாதச் சனிக்கிழமைப் பெருவிழாவாலும் தமிழகம் அறிந்த தலம் இது. அண்மையிலுள்ள சின்னமனூர் தமிழாய்வாளர்க்கு வேறொரு வகையில் அறிமுகமானது. பாண்டியர் மதுரையில் சங்கம் வைத்த செய்தியையும், மகாபாரதத்தைத் தமிழ்ப்படுத்திய செய்தியையும் கூறும் பெரிய செப்பேடு அவ்வூரின் பெயராலேயே வழங்குகிறது.

குச்சனூர் வயற்பரப்பில் அமைந்த ஊர். சின்னமனூரிலிருந்து மேகமலைக்கு ஏறும் சாலையோ வறண்ட அடிவாரக் காடு, இலையுதிர் காடு, தேயிலைத் தோட்டம், பசுமைமாறாச் சோலை எனச் சில மணிநேரத்துக்குள் பல வகை நிலங்களைக் கடந்து செல்கிறது. கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 1500 மீட்டர் உயரம் வரை செல்லும் இந்நிலப்பரப்பில் நான்கு வகைக் குரங்கினங்கள் வாழ்கின்றன. சங்கப் புலவர் பல பெயர்களால் குறித்த விலங்குகளை அடுத்தடுத்துக் கண்டு ஒப்பிட ஏற்ற களமாக இப்பள்ளத்தாக்கு விளங்குகிறது.

ஆய்வுக்கு எடுத்துக்கொண்ட பாடல்கள் இப்பள்ளத்தாக்கைப் பாடியவை என்று இக்கட்டுரை கூறவில்லை. அவை குறிஞ்சி நிலத்துக்குப் பொதுவானவை. அப்பாடல்களிலுள்ள வருணனைகளை உயிருள்ள விலங்குகளோடு பொருத்திப் பார்க்கும் ஒப்பீட்டுக் களமாகவே இந்நிலப்பரப்பு கொள்ளப்படுகிறது. தொல்காப்பிய மரபியல் நூற்பாக்கள், ஐங்குறுநூற்றுக் குரக்குப்பத்து (271-280), குறுந்தொகை 26, 69, 121, 249, 373 ஆகிய பாடல்கள், நற்றிணை 22, திருமுருகாற்றுப்படையின் அருவி வருணனை ஆகியவை முதன்மைச் சான்றுகளாகும். முடிவுகளும் இச்சான்றுகளின் எல்லைக்கு உட்பட்டவையே.

மரபியல் காட்டும் பெயர்முறை

தொல்காப்பியப் பொருளதிகாரத்தின் இறுதி இயலாகிய மரபியல், உயிர்களின் இளமைப் பெயர், ஆண்பாற் பெயர், பெண்பாற் பெயர் ஆகியவற்றை வரிசைப்படுத்துகிறது. இளமைப் பெயர்கள் ஒன்பது, ஆண்பாற் பெயர்கள் பதினைந்து, பெண்பாற் பெயர்கள் பதின்மூன்று எனத் தொகுத்துக் கூறியபின், எப்பெயர் எவ்விலங்குக்கு உரியது என்று தனித்தனியே வரையறுக்கிறது. குரங்கினம் தொடர்பான செய்திகள் இவ்வியலில் நான்கு இடங்களில் காணப்படுகின்றன.

முதலாவது, இளமைப் பெயர். மரக்கிளையில் வாழும் குரங்கின் இளமைக்குக் குட்டி என்ற பெயர் கூறப்படுகிறது. மகவு, பிள்ளை, பறழ், பார்ப்பு ஆகியவையும் அதற்கு உரியன என்று அடுத்துக் கூறப்படுகிறது. இரண்டாவது, பெண்பாற் பெயர். குரங்கு, முசு, ஊகம் ஆகிய மூன்றுக்கும் மந்தி என்ற ஒரே பெயர் வகுக்கப்பட்டுள்ளது. மூன்றாவது, கலை என்னும் ஆண்பாற் பெயர். இது உழை என்னும் மானுக்கு உரியது. அதே பெயர் முசுவினிடத்தும் நிலைபெற்றது என்று நூற்பா கூறுகிறது. நான்காவது, கடுவன். வழக்கில் வேரூன்றிவிட்டமையால் விலக்க இயலாத பெயர்களைத் தொகுத்துக் கூறும் நூற்பாவில், குரங்கின் ஆணைக் கடுவன் என்று வழங்குதல் ஏற்கப்படுகிறது.

இந்நான்கையும் ஒருங்கு வைத்து நோக்கும்போது ஓர் ஒழுங்கு புலப்படுகிறது. இளமைப் பெயர்களைக் கொண்டு இனத்தைப் பிரித்தறிய இயலாது. பெண்பாற் பெயராகிய மந்தி மூன்று இனத்துக்கும் பொது. எனவே அதுவும் இனத்தைக் காட்டாது. ஆண்பாற் பெயர் மட்டுமே பிரிந்து நிற்கிறது: குரங்குக்குக் கடுவன், முசுவுக்குக் கலை. ஊகத்துக்கெனத் தனி ஆண்பாற் பெயர் வகுக்கப்படவில்லை. ஆற்றல் மிக்க ஆண் விலங்குகள் அனைத்துக்கும் ஏற்றை என்னும் பெயர் உரித்து என்று பொதுவிதி ஒன்று கூறப்படுகிறது. ஊகத்தின் ஆணைக் குறிக்கும் தேவை எழுந்தால் அப்பொதுவிதியே அதற்கு இடம் தரும்.

பெயர்முறையின் இவ்வமைப்பிலிருந்து இவ்வாய்வின் கருதுகோள் உருவாகிறது. ஒரு சங்கப் பாடலில் மந்தி என்ற சொல் மட்டும் வந்தால், இனத்தை அச்சொல்லால் துணிய இயலாது. உடன்வரும் ஆணின் பெயரும் முகம், வாய், பல் பற்றிய அடைமொழிகளும் இனத்தைத் துணிய உதவும். இக்கருதுகோளைப் பாடல்கள் எந்த அளவுக்கு உறுதிசெய்கின்றன என்பது இனிக் காணத்தக்கது.

கடுவனும் கவுளும்

ஐங்குறுநூற்றில் கபிலர் பாடிய குறிஞ்சிப் பகுதியில் அமைந்தது குரக்குப்பத்து. இப்பத்துப் பாடல்களிலும் தலைவனின் மலைநாடு குரங்குகளின் செயல்களால் அடையாளப்படுத்தப்படுகிறது. புலியின் முழக்கம் கேட்டு உயர்ந்த மலையடுக்கத்தில் ஏறும் கடுவன் (274), பிரம்பின் சிறுகோலால் பாறையில் தோன்றும் மழைக்குமிழியை அடிக்கும் கடுவன் (275), கொடியை ஏந்தி இளமேகத்தை அடிக்கும் கடுவன் (276), குறவர் முற்றத்துப் பாறையில் கடுவனோடு துள்ளும் மந்தி (277), மூங்கிற்கோலில் ஏறி நிலவை அடிப்பது போலத் தோன்றும் பார்ப்பு (280) என அக்காட்சிகள் அமைகின்றன. இப்பத்தில் இடம்பெறும் ஆண்பாற் பெயர் கடுவன் மட்டுமே. கலை, முசு, ஊகம் ஆகியவை இடம்பெறவில்லை. குரக்குப்பத்து என்னும் தலைப்பு பொதுப்பெயராகத் தோன்றினும், மரபியல் கூறும் மூவினத்துள் குரங்கு என்ற ஓரினத்துக்கே அது பொருந்தி நிற்கிறது.

இவ்வினம் எது? நற்றிணை 22 இதற்கு உடற்கூற்று அடிப்படையிலான விடையைத் தருகிறது. கொடிச்சி காக்கும் தினைப்புனத்தில் முதலில் விளைந்த கதிரை ஒரு மந்தி கவர்கிறது. கடுவனோடு மலையேறி, கதிரை உள்ளங்கையில் கசக்கி, தினையைத் தன் கவுள் நிறைய அடக்கிக்கொள்கிறது. மழையில் நனைந்த முதுகோடு அமர்ந்து உண்ணும் அதன் தோற்றம், நோன்பிருந்தோர் கையில் உணவேந்தி உண்ணும் இருக்கைக்கு ஒப்பிடப்படுகிறது. தாடையின் சுருக்கத்தையும் கவுளின் வளைவையும் தனித்தனி அடைகளால் புலவர் குறித்துள்ளார்.

கவுளில் உணவை அடக்குதல் எல்லாக் குரங்கினத்துக்கும் இயலுவதன்று. மக்காக்கா பேரினத்துக் குரங்குகளுக்குக் கன்னத்தின் உட்புறம் பை போன்ற அமைப்பு உண்டு. உணவை விரைந்து கவர்ந்து பையில் நிரப்பி, அச்சமற்ற இடத்துக்குச் சென்றபின் மென்று தின்பது அவற்றின் இயல்பு. இலையுண்ணும் லங்கூர் இனங்களுக்குக் கன்னப்பை இல்லை. பல அறைகளாகப் பிரிந்த இரைப்பையே அவற்றின் தனியமைப்பு. எனவே நற்றிணை 22 காட்டும் விலங்கு மக்காக்கா பேரினத்தைச் சார்ந்தது என்பது தெளிவு. தமிழக மலைகளில் இப்பேரினத்தைச் சேர்ந்தவை இரண்டு. ஒன்று நாட்டுக்குரங்கு (மக்காக்கா ரேடியாட்டா). மற்றொன்று சிங்கவால் குரங்கு (மக்காக்கா சைலினஸ்). பின்னது பசுமைமாறாக் காட்டின் மரமுகட்டில் வாழ்வது. திறந்த தினைப்புனத்தில் இறங்கிக் கதிர் கவர்தல் முன்னதற்கே பொருந்தும்.

இதனைக் கொண்டு ஐங்குறுநூறு 271-இன் உவமை ஒன்றையும் மீள நோக்கலாம். அவரையைத் தின்ற மந்தி, பண்டம் விற்போரின் பையைப் போலத் தோன்றுகிறது என்கிறது அப்பாடல். பைக்கு ஒப்பாகும் உறுப்பு எது என்று பாடல் கூறவில்லை. உண்டு நிரம்பிய வயிறு என்று கொள்ளுதல் எளிதில் தோன்றும் பொருள். ஆயினும் நற்றிணைப் பாடலின் துணையோடு நோக்கினால், அவரை நிரம்பிப் புடைத்த கன்னத்தைக் கொள்ளுதலும் பொருந்துகிறது. விற்போரின் பை சரக்கைத் தாங்கிச் செல்லும் கருவியேயன்றி, அதைத் துய்க்கும் இடமன்று. கன்னப்பையும் உணவைத் தாங்கிச் செல்லவே பயன்படுகிறது. இவ்வாறு கொண்டால் உவமை வடிவத்தோடு பயனாலும் பொருந்தி, மேலும் செறிவு பெறுகிறது.

கொல்லன் அழிசி பாடிய குறுந்தொகை 26 மற்றொரு குறிப்பைத் தருகிறது. தலைவியோடு தலைவன் கூடியதைக் கடுவனும் அறியும் என்று தோழி கூறும் அப்பாடலில், கடுவன் ஒரு பறழின் தந்தையாக அறிமுகப்படுத்தப்படுகிறது. அப்பறழ் இனிய மாங்கனியை உண்பது, கூரிய பற்களை உடையது, சிவந்த வாயை உடையது. நாட்டுக்குரங்கின் முகமும் வாய்ப்புறமும் இளஞ்சிவப்பு நிறம் உடையவை. லங்கூர்களின் முகம் கரியது. 'துவர்வாய்' என்னும் அடை, கடுவன் என்ற ஆண்பாற் பெயரோடு முரணின்றி இணைகிறது.

மை படிந்த முகம்

முசு பற்றிய குறிப்புகளில் முகத்தின் கருமையே முதன்மை பெறுகிறது. கபிலர் பாடிய குறுந்தொகை 121-இல், முசுவின் ஆண் கலை எனப்படுகிறது. அதன் முகம் மை பட்டதைப் போலக் கரியது. அது தன் பாய்ச்சலைச் சரியாக அளவிடாமல் தாவ, அந்தப் பிழையின் பயனைக் கிளை ஏற்று முறிகிறது. தலைவன் குறியிடத்துக்கு வந்த முறையிலுள்ள தவறு தலைவியின் தோளை வாட்டுவதற்கு இது உவமையாகிறது. திருமுருகாற்றுப்படையின் இறுதியில், பழமுதிர்சோலை மலையருவியின் வீழ்ச்சியால் நடுங்கும் விலங்குகளுள் கரிய முகமுடைய முசுக்கலையும் இடம்பெறுகிறது.

கம்பம் பள்ளத்தாக்கைச் சூழ்ந்த மலைகளில் கரிய முகமுடைய லங்கூர்கள் இரண்டு உள்ளன. ஒன்று, அடிவாரத்து வறண்ட காட்டிலும் இலையுதிர் காட்டிலும் வாழும் சாம்பல் நிற லங்கூர் (செம்னோபித்தீகஸ் பிரியாம்). மற்றொன்று, உயர்மலைச் சோலையில் வாழும் நீலகிரி லங்கூர் (செம்னோபித்தீகஸ் ஜானி). பின்னதன் உடல் முழுதும் பளபளப்பான கருமை. தலைமயிர் மட்டும் மஞ்சள் கலந்த பழுப்பு. உடலெல்லாம் கரிய விலங்கை வருணிக்கும் புலவர் முகத்தை மட்டும் தனித்து, அதில் மை பட்டதாகக் கூற வேண்டியதில்லை. வெளிறிய உடலில் கரிய முகம் தனித்துத் தெரியும்போதே மை என்னும் உவமை முழுப்பயன் அடைகிறது. ஆகவே குறுந்தொகை 121 காட்டும் முசு சாம்பல் நிற லங்கூர் எனக் கொள்வதே சிறக்கும். எனினும் முசு என்ற பெயர் லங்கூர் வகை இரண்டுக்கும் பொதுவாக வழங்கியிருக்க இடமுண்டு.

திராவிட மொழி ஒப்பீடும் இதற்கு அரணாகிறது. கன்னடத்தில் முசுவ என்பது லங்கூரைக் குறிக்கும். தெலுங்கில் இன்றும் பெருவழக்காக உள்ள கொண்டமுச்சு என்னும் சொல்லும் அதே விலங்கைக் குறிப்பதே. அதன் முற்பகுதியாகிய கொண்ட என்பது மலையைக் குறிக்கும். அண்டை மொழிகளில் இன்றும் உயிரோடு உலவும் ஒரு பழஞ்சொல் தமிழில் உரைநூல்களுக்குள் ஒடுங்கிவிட்டது.

கடுந்தோட் கரவீரன் பாடிய குறுந்தொகை 69 இங்கே சிறப்பாக ஆராயத்தக்கது. கரிய கண்ணையும் தாவும் இயல்பையும் உடைய கலை இறந்துபட, கைம்மையைத் தாங்க மாட்டாத மந்தி, தொழில் கல்லாத தன் பறழைச் சுற்றத்திடம் சேர்த்துவிட்டு, மலையிலிருந்து பாய்ந்து உயிர் விடுகிறது. இரவில் வரும் தலைவனுக்கு ஊறு நேர்ந்தால் தலைவி உயிர் வாழாள் என்பது குறிப்பு. இப்பாடலில் முசு என்ற இனப்பெயர் இல்லை. பொதுப்பெயராகிய மந்தி உள்ளது. கலை என்பது மானுக்கும் உரியதெனினும், மந்தியின் துணையாக வருவதால் மானைக் கொள்ள இடமில்லை. மரபியல் விதிப்படி மந்தியின் துணையாகிய கலை முசுவே ஆதல் வேண்டும்.

இம்முடிவுக்குப் பாடலின் நிகழ்ச்சியும் துணைநிற்கிறது. மந்தி உயிர்விடுதல் மாந்தர் நெஞ்சை விலங்கின்மேல் ஏற்றிக் கூறிய புனைவு. பறழைச் சுற்றத்திடம் சேர்த்தலோ இயற்கை வாழ்விலிருந்து பெற்ற செய்தி. லங்கூர் கூட்டங்களில் ஒரு தாயின் குட்டியைக் கூட்டத்தின் பிற பெண்கள் வாங்கி ஏந்திக்கொள்ளும் வழக்கம் பரவலாகக் காணப்படுகிறது. விலங்கியலார் இதனைப் பிறர்தாய்ப் பேணல் என்ற பொருளில் விரிவாக ஆராய்ந்துள்ளனர். மக்காக்கா இனங்களில் தாய் குட்டியை அத்துணை எளிதாகப் பிறரிடம் விடுவதில்லை. கடுவன் என்னாது கலை என்று புலவர் கூறியது சொல்லலங்காரமன்று, இனமறிந்த தேர்வு என்று கொள்ள இச்செய்தி இடமளிக்கிறது.

நரைமுக ஊகம்

மூன்றாம் இனமாகிய ஊகமே அடையாளம் காண அரியது. அகராதிகள் இதனைக் கருங்குரங்கு என்கின்றன. இன்றைய வழக்கில் கருங்குரங்கு என்பது நீலகிரி லங்கூரையும் சிங்கவால் குரங்கையும் குறிக்க வழங்குவதால், இப்பொருள் கூறுதல் மட்டும் போதாது.

பாடல்கள் தரும் அடைகள் இவ்விடர்ப்பாட்டைக் குறைக்கின்றன. கபிலரின் குறுந்தொகை 249-இல், மழை பொழியும் சாரலில் தன் பார்ப்போடு நடுங்கும் ஊகம் 'நரைமுகம்' உடையது. மதுரைக் கொல்லம் புல்லன் பாடிய குறுந்தொகை 373-இல், ஊகத்தின் ஆண் ஏற்றை எனப்படுகிறது. அதற்குக் கடிய பற்களும் கறை படிந்தாற்போன்ற கரிய விரல்களும் உள்ளன. அது தோண்டிய பலாக்கனியின் மணம் சிறுகுடி முழுதும் கமழ்கிறது.

நரை என்பது மயிர்பற்றிய சொல். தோலின் நிறத்தைக் குறிக்க அது வருவதில்லை. ஆகவே நரைமுகம் என்பது நரைத்த மயிர் சூழ்ந்த முகம் என்றே பொருள்படும். முசுவின் முகத்துக்குத் தோலின் மேற்படியும் மை உவமையானதையும், ஊகத்தின் முகத்துக்கு மயிரைச் சுட்டும் நரை அடையானதையும் ஒப்பிட்டு நோக்குதல் வேண்டும். ஒரே புலவர் பெயரில் வழங்கும் இரு பாடல்களில் இவ்வேறுபாடு அமைந்துள்ளது. கரிய உடலும், முகத்தைச் சுற்றிப் பிடரிபோல் அடர்ந்த நரைநிற மயிரும் சிங்கவால் குரங்கின் தெளிவான அடையாளங்கள். நீலகிரி லங்கூரின் தலைமயிர் பழுப்பு நிறத்தது. அதற்கு நரை பொருந்தாது. ஆண் சிங்கவால் குரங்கின் நீண்ட கோரைப்பற்களும், பலா இனக் கனிகளில் அதற்குள்ள நாட்டமும் குறுந்தொகை 373-இன் வருணனையோடு ஒத்துச் செல்கின்றன. கருங்குரங்கு என்னும் அகராதிப் பொருளும் இதனால் பொய்யாகவில்லை. அதன் எல்லை சுருங்கித் தெளிவாகிறது.

சாம்பல் நிற லங்கூரின் முகத்தைச் சுற்றியும் வெளிறிய மயிர் உண்டே, ஊகம் அதுவாகாதா என்ற வினா எழலாம். திருமுருகாற்றுப்படை இவ்வினாவுக்கு விடை தருகிறது. அருவியால் நடுங்குவனவற்றைக் கூறும் இடத்தில் ஊகமும் கரிய முகமுடைய முசுக்கலையும் அடுத்தடுத்து, தனித்தனி விலங்குகளாகக் கூறப்படுகின்றன. ஒன்றையே இருமுறை கூறும் தேவை அங்கில்லை. கரிய முகமுடையது முசு எனின், ஊகம் வேறாதல் வேண்டும். பள்ளத்தாக்கின் தென்பகுதியிலுள்ள சுருளி அருவியில் இன்று காண்போர் கண்ணிற்படுவது பெரும்பாலும் நாட்டுக்குரங்கு. ஊகமும் முசுவும் ஒருங்கே அருவியைக் கேட்கும் நிலத்தைக் காண மேலுள்ள சோலைகளுக்கு ஏற வேண்டும். திருமுருகாற்றுப்படையின் அருவி மலையுச்சியிலிருந்து இறங்கும் அருவி என்பதும் நினைக்கத்தக்கது.

மூன்று பெயரும் நான்கு விலங்கும்

இதுகாறும் கண்டவற்றை நிலத்தின் படிநிலையோடு பொருத்தலாம். குச்சனூர் போன்ற சமவெளி ஊர்கள், கோயில்கள், சாலையோர மரங்கள், மலையடிவாரம் ஆகியவை நாட்டுக்குரங்கின் வாழிடம். அது மரபியலின் குரங்கு. அதன் ஆண் கடுவன். அடிவாரக் காட்டுக்குரிய சாம்பல் நிற லங்கூரும் உயர்சோலைக்குரிய நீலகிரி லங்கூரும் முசு என்னும் வகையுள் அடங்குவன. அவற்றின் ஆண் கலை. பசுமைமாறாக் காட்டின் மரமுகட்டில் பெரும்பாலும் வாழும் சிங்கவால் குரங்கு ஊகம். அதன் ஆணுக்குப் பொதுப்பெயராகிய ஏற்றை. மூன்று பெயருக்குள் நான்கு விலங்குகள் அடங்குவது குறையாகாது. மரபியலின் வகைப்பாடு உடலமைப்பும் வாழ்முறையும் நோக்கியது. லங்கூர் வகை இரண்டையும் ஒரு பேரினமாகக் கொள்வது இன்றைய விலங்கியலுக்கும் உடன்பாடே.

மந்தியின் பரவல்

மரபியல் காட்டிய ஒழுங்கு பின்னாளில் எவ்வாறு சிதைந்தது? இடைக்காலத்திலும் மந்தி பெண்பாற் பொருளை இழக்கவில்லை. திருஞானசம்பந்தரின் திருவையாற்றுப் பதிகத்தில், முழவொலியை இடி என்று கருதி மரமேறி மேகத்தைப் பார்ப்பவை மந்திகள். திரிகூடராசப்பக் கவிராயரின் திருக்குற்றாலக் குறவஞ்சியில் மந்தியோடு கொஞ்சும் ஆண்கள் வானரங்கள் எனப்படுகின்றன. வடசொல்லாகிய வானரம், கடுவனும் கலையும் நின்ற இடத்தில் வந்து அமர்ந்துவிட்டது. அது எவ்வினத்து ஆண் என்பதைக் காட்டாது. பெண்பாற் பெயர் நிலைத்தது. இனத்தைக் காட்டிய ஆண்பாற் பெயர்கள் விலகின.

இன்றைய இயற்கையியல் எழுத்தில் மாற்றம் முற்றுப்பெற்றுள்ளது. சிங்கவால் குரங்கு சோலைமந்தி எனப்படுகிறது. நீலகிரி லங்கூர் கருமந்தி அல்லது நீலகிரி மந்தி. சாம்பல் நிற லங்கூர் சாம்பல் மந்தி. பெண்பாற் பெயர் பாலற்ற இனப்பெயராகிவிட்டமையால் 'ஆண் மந்தி' என்று எழுத வேண்டிய நிலையும் வந்துள்ளது. கன்னப்பை உடைய மக்காக்கா இனமும் அது இல்லாத லங்கூரும் ஒரே பின்னொட்டைப் பெறுவதால், உறவற்றவை உறவுடையனபோல் தோன்றுகின்றன. கடுவன் என்னும் சொல்லோ ஆண் பூனையைக் குறிக்கும் வட்டார வழக்கில் எஞ்சியுள்ளது.

மொழியின் இம்மாற்றத்தைக் குற்றமெனக் கருத வேண்டியதில்லை. கடுவன் என்ற பெயரை வழக்கின் உண்மை நோக்கி ஏற்றுக்கொண்ட தொல்காப்பியரின் நெறி, இன்றைய மந்திக்கும் பொருந்தும். ஆனால் இன்றைய பொருளைப் பழம்பாடலில் ஏற்றிப் படித்தல் பிழையாகும். சோலைமந்தி என்ற இன்றைய வழக்கைக் கொண்டு சங்க மந்தியைச் சிங்கவால் குரங்கு எனக் கொண்டால், தினைப்புனத்து நாட்டுக்குரங்கு மழைக்காட்டு விலங்காகிவிடும்.

உரைக்குறிப்பும் பாதுகாப்பும்

இவ்வேறுபாடு உரையாசிரியருக்கும் பதிப்பாசிரியருக்கும் உரிய சிக்கல் மட்டுமன்று. சிங்கவால் குரங்கு மேற்குத் தொடர்ச்சி மலைக்கே உரியது. உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் அதனை அழிவாய்ப்புள்ள இனமாகவும், நீலகிரி லங்கூரையும் நாட்டுக்குரங்கையும் ஊறுபடத்தக்க இனங்களாகவும் வகைப்படுத்தியுள்ளது. மேகமலைக் காடுகள் 2021-இல் திருவில்லிபுத்தூர்-மேகமலைப் புலிகள் காப்பகத்தின் பகுதியாயின. ஓர் இனம் பண்டு எங்கெங்கு, எந்நிலத்தில் அறியப்பட்டது என்பதற்குப் பழம்பாடல்களும் ஒருவகைச் சான்றுகளே. ஊகம், முசு, கடுவன் ஆகிய மூன்றுக்கும் 'குரங்கு' என்று ஒரே பொருள் எழுதும் உரைக்குறிப்பு அச்சான்றை அழித்துவிடுகிறது. மூலபாடம் காத்துத் தந்த செய்தி உரையில் மறைந்துபோகிறது.

மேகமலைச் சாலையின் 18 கொண்டைஊசி வளைவுகளுக்குச் சங்க இலக்கிய மலர்களின் பெயர்கள் சூட்டப்பட்டுள்ளன. பழம்பெயரை இன்றைய நிலத்தோடு இணைக்கும் விருப்பம் இப்பகுதியில் உள்ளது என்பதற்கு அது சான்று. விலங்குப் பெயர்களிலும் அவ்விணைப்பு இயலும். புதிய பதிப்புகளும் பாடநூல்களும் மூன்று நெறிகளைப் பின்பற்றலாம். மந்தி என வருமிடத்துப் 'பெண் குரங்கினம்' என்று மட்டும் பொருள் எழுதி, உடன்வரும் ஆண்பாற் பெயரைக் கொண்டு இனத்தைத் துணிதல் முதல் நெறி. கலை என்பதற்கு 'ஆண் முசு' என்றும் கடுவன் என்பதற்கு 'ஆண் குரங்கு' என்றும் வேறுபடுத்தி எழுதுதல் இரண்டாவது. லங்கூர் என்னும் பிறமொழிச் சொல்லுக்கு ஈடாக முசு என்பதை மீட்டுக்கொள்ளுதல் மூன்றாவது. சாம்பல் முசு, நீலகிரி முசு என்னும் பெயர்கள் மரபோடும் அறிவியலோடும் ஒருங்கே பொருந்துவன.

முடிவுரை

மரபியலின் பெயர்முறையில் குரங்கினத்தைப் பிரித்தறியும் குறி ஆண்பாற் பெயரே. கடுவன் குரங்குக்கும், கலை முசுவுக்கும் உரியன. ஊகத்தின் ஆண், பொதுப்பெயராகிய ஏற்றையால் குறிக்கப்படுகிறது. மந்தி மூன்றுக்கும் பொது. எடுத்துக்கொண்ட பாடல்கள் இவ்வொழுங்கை மீறவில்லை. கடுவனோடு கவுள் நிறைய உண்ணலும் சிவந்த வாயும், கலையோடு மை பட்ட முகமும், ஊகத்தோடு நரைமயிர் முகமும் வருகின்றன. இவை முறையே நாட்டுக்குரங்கு, லங்கூர், சிங்கவால் குரங்கு ஆகியவற்றின் உடலமைப்போடு பொருந்துகின்றன. ஐங்குறுநூறு 271-இன் பை உவமைக்குக் கன்னப்பை என்ற பொருளும், குறுந்தொகை 69-இன் கலைக்கு முசு என்ற துணிபும் இவ்வாய்வின் வழிப் பெறப்பட்டவை.

இம்முடிவுகளை அகநானூறு, மலைபடுகடாம், பரிபாடல் ஆகியவற்றின் ஆட்சிகளோடும் ஒப்பிட்டு உறுதிசெய்தல் அடுத்த கட்ட ஆய்வாகும். குச்சனூரின் கோயில் மரத்தில் அமர்ந்திருக்கும் கடுவனையும் மேகமலைச் சோலையின் முகட்டில் வாழும் ஊகத்தையும் சங்கப் புலவர் ஒன்றாகக் கருதவில்லை. அவ்வேறுபாட்டைக் காத்துத் தருவது இன்றைய உரைகாரரின் கடமையாகும்.